ஜப்திக்கு ஒரு வண்டி

காரைப்பாடி மாணிக்கவேல், சென்ட்ரிங் வேலை செய்தவன், வயது முப்பத்துநாலு, தன் ஊர் நிறுத்தத்தில், தன் வீட்டு ஓடு கண்ணுக்குத் தெரிகிற தூரத்தில், பதினேழாம் நம்பர் டவுன் பஸ்ஸைவிட்டு இறங்கிக்கொண்டிருந்தான். ஒரு கால் தரையில், ஒரு கால் படியில். கண்டக்டர் விசில் கொடுத்துவிட்டான், டிரைவர் எடுத்துவிட்டான், பின் சக்கரம் ஏறிவிட்டது. வண்டிக்குள் இருந்த நாற்பத்தோரு பேரில் நாற்பது பேர் காரைப்பாடிக்காரர்கள். அந்த நாற்பது பேரும் எதையும் பார்க்கவில்லை. மாணிக்கவேலின் மனைவி சுடர்க்கொடி ஆறு வருஷமாக இதை இதே வரிசையில்தான் தனக்குள் சொல்லிக்கொண்டு வருகிறாள், பல் விளக்கும்போது, அரிசி களையும்போது, மகளுக்குச் சடை பின்னும்போது. ஒரு வார்த்தையை முன்னே பின்னே போட்டால் எதிர்த்தரப்பு வக்கீல் பிடித்துக்கொள்வான் என்கிற பயம், கேஸ் ஜெயித்து இரண்டு வருஷம் ஆன பிறகும் விட்டபாடில்லை. குதிச்சாரா, இறங்கினாரா? இறங்கினாருங்க. நீங்க பாத்தீங்களா? இல்லைங்க, நான் வீட்ல இருந்தன். அப்ப குதிக்கலன்னு எப்படிச் சொல்றீங்க? இதற்குப் பதில் அன்றைக்கு வாயில் வரவில்லை. ஆறு வருஷத்தில் நூறு பதில் வந்துவிட்டது, கேட்கத்தான் ஆள் இல்லை. தன் வீட்டு வாசலில் எவனாவது குதிப்பானா ஐயா, குதிக்க அங்கே என்ன கிணறா இருக்கிறது, உங்கள் வீட்டுக்குப் போகும்போது நீங்கள் காரிலிருந்து குதித்துத்தான் போகிறீர்களா? இப்போதும், பஸ் ஸ்டாண்டின் இரண்டாவது பிளாட்பாரத்தில், மூத்திர வாடையும் பொரிகடலை வாடையும் கலந்து அடிக்கிற இடத்தில் நின்றுகொண்டு, உதட்டை அசைக்காமல் அந்த வக்கீலை மடக்கிக்கொண்டிருக்கிறாள். மணி பத்தேகால்.

பக்கத்து சிமெண்ட் பெஞ்சில் கோர்ட் அமீனா தணிகாசலம் உட்கார்ந்து டீயை ஊதி ஊதிக் குடிக்கிறார், பக்கத்தில் வண்டிக் கண்ணாடியில் ஒட்டுகிற ஜப்தி நோட்டீஸும் பசை டப்பாவும். கோர்ட் உத்தரவை எடுத்துக்கொண்டு போய்ப் பொருளைப் பிடித்து வருவதுதான் அவர் வேலை. இன்றைக்குப் பிடிக்க வேண்டிய பொருள் ஒரு பஸ். தீர்ப்புச் சொன்ன நஷ்டஈட்டைப் போக்குவரத்துக் கழகம் இரண்டு வருஷமாகக் கட்டவில்லை, அதனால் அதன் வண்டி ஒன்றை ஜப்தி செய் என்று உத்தரவு. எந்த வண்டி என்று அதில் இல்லை. மனுதாரர் அடையாளம் காட்டுகிற வண்டி, அவ்வளவுதான். மனுதாரர் என்றால் இவள். "இங்க பாரும்மா, என் சர்வீஸுல பதினோரு வண்டி புடிச்சிருக்கன். டவுன் பஸ்ஸ எவனாச்சும் புடிப்பானா? அதுல பாதி தகரம், மீதி துரு. கோர்ட்டு வளாகத்துல வேப்பமரத்தடியில கொண்டுபோய் நிறுத்துனா அவன் தொல்ல உட்டுதுன்னு போயிடுவான், ஆறு மாசம் காக்கா பீச்சும். பெங்களூரு வண்டியப் புடி. ஏசி, புதுசு. ரெண்டு மணி நேரத்துல மேனேஜரு செக்கோட ஓடியாருவான்." அவள் வண்டிகள் உள்ளே வருகிற வழியையே பார்த்தாள். "வாரண்டு இன்னியோட சரி, தெரியுமில்ல? பன்னண்டு மணிக்குள்ள நீ காட்டலன்னா ஆளு இல்லன்னு எழுதித் திருப்பிடுவன். அப்புறம் நீ மறுபடி மனு போடணும், எனக்கும் ரிட்டயர்மெண்டு வந்துடும், வேற எவன் வருவானோ, அவன் டீ வாங்கிக் குடுத்தாத்தான் எழுந்திருப்பான்." "நீங்களும்தான் எங்கிட்ட வாங்கிக் குடிச்சிட்டீங்களே சார்." "எனக்குத்தான் வாய் இருக்குதுன்னு நெனச்சன், உனக்கும் இருக்குது," என்று சிரித்தார். நல்ல மனுஷன்தான். நல்ல மனுஷர்கள் எல்லாருமே பெங்களூரு வண்டியைத்தான் சொல்கிறார்கள். வக்கீல் சொன்னார், வக்கீலின் குமாஸ்தா சொன்னான், அத்தை, மாமியார்தான், நேற்று முழுக்கச் சோறு தின்னாமல் சொன்னாள். அவளுக்கு வேண்டியது பதினொன்று பத்துக்கு உள்ளே வந்து பதினொன்றரைக்குக் காரைப்பாடிக்குத் திரும்புகிற பதினேழாம் நம்பர். காலையில் டவுனுக்கு வந்த ஊர் முழுக்க அந்த ட்ரிப்பில்தான் வீடு திரும்பும். அடுத்தது சாயங்காலம் நாலரைக்கு. அதைப் பிடிக்க வேண்டும். அதைத்தான் பிடிக்க வேண்டும். ஏன் என்று யாரும் கேட்கவில்லை, கேட்டால் சொல்ல வைத்திருக்கிறாள்.

ஏனென்றால், அந்த பஸ்ஸுக்காகத்தான் அவனை விற்றார்கள். இந்த வார்த்தை சரியா? சரிதான். காரைப்பாடிக்கு பஸ் வந்தது கல்யாணத்துக்கு முந்தின வருஷம். எத்தனையோ மனு, ரெண்டு மறியல், ஒரு தேர்தல் புறக்கணிப்பு. முதல் நாள் வண்டிக்கு வாழைமரம் கட்டி, டிரைவருக்கு மாலை போட்டு, கண்டக்டருக்கு வேட்டி கொடுத்தார்கள். மாணிக்கவேல் கூடத்தான் மறியலில் உட்கார்ந்தான். போலீஸ் பிடித்துக்கொண்டு போய்க் கல்யாண மண்டபத்தில் வைத்தபோது அங்கே தேங்காய்ச் சோறு போட்டார்கள் என்று சொல்லிச் சொல்லிச் சிரிப்பான், சிரிக்கும்போது மேல் பல்லில் இரண்டு ஒன்றன்மேல் ஒன்று ஏறியிருப்பது தெரியும், அவன் மேலே எப்போதும் சென்ட்ரிங் பலகைக்குத் தடவுகிற கறுப்பு ஆயில் வாடை, எத்தனை சோப்பு போட்டாலும், கழுத்துக்குப் பின்னால், காது மடலுக்குப் பின்னால், வேண்டாம், அதற்குள் போகக் கூடாது, போனால் பதினொன்றரை ஆகிவிடும். விற்றார்கள் என்பதற்கு வருவோம். செத்த மூன்றாம் நாள் டிப்போவிலிருந்து ஒருவன் டீக்கடையில் வந்து உட்கார்ந்து, கேஸு கீஸுன்னு போனா மேலே இந்த ரூட்டே வேணாம்னு முடிவு பண்ணிடுவாங்க, அப்புறம் எங்களக் குத்தம் சொல்லாதீங்க என்று பொதுவாகச் சொல்லிவிட்டு, டீக்குக் காசும் கொடுத்துவிட்டுப் போனான். அவ்வளவுதான். மிரட்டவில்லை, அடிக்கவில்லை. பதினாறாம் நாள் கருமாதிக்கு வந்தார்கள், இவள் வீட்டுப் பந்தலில் உட்கார்ந்து இலை போட்டுச் சாப்பிட்டார்கள், எழுந்து கை கழுவினார்கள், கழுவின ஈரக் கையோடு பழைய பஞ்சாயத்துத் தலைவரின் தம்பி தேசிங்கு வைத்திருந்த வெள்ளைத் தாளில் வரிசையாகக் கையெழுத்துப் போட்டார்கள். டிரைவர் கண்டக்டர் பேரில் எங்களுக்கு எந்தப் புகாரும் இல்லை. ரசம் நன்றாக இருந்தது என்று ஒருத்தி சொன்னதுகூடக் காதில் இருக்கிறது. அந்தத் தாளில் கடைசியாக ஒரு கைநாட்டு. அது அத்தையுடையது. பெற்றவளுடையது. கோர்ட்டில் கழகத்து வக்கீல் அதைத் தூக்கிக் காட்டி, இறந்தவரின் சொந்தத் தாயாரே, என்று நிறுத்தினான். அந்த நிறுத்தலில் கோர்ட்டே ஒருமுறை மூச்சு வாங்கியது. "பஸ்ஸு நிக்காம வரணும்னு மனு குடுக்கறம்னாங்கடி, எல்லாரும் வெச்சாங்க, நானும் வெச்சன்." அத்தையிடம் அதற்குப் பிறகு நாலு மாசம் பேசவில்லை. பிறகு பேசினாள். பேசாமல் எத்தனை நாள் ஒரே அடுப்பில் சமைப்பது.

தலைவர் தம்பியைக்கூட மன்னித்துவிடலாம், அவன் பிறவியே அப்படி. பட்டம்மாளைத்தான் முடியாது. பட்டம்மா மூன்றாவது வீடு, மாணிக்கவேலுக்குச் சித்தி முறை, இவள் சின்னத்தை என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தவள். அன்றைக்குப் படிக்கட்டுக்குப் பின்னால் முதல் சீட்டு. முதலில் குதித்து ஓடி அவன் தலையை மடியில் எடுத்து வைத்துக்கொண்டது அவள்தான், சுடர்க்கொடி ஓடி வந்தபோது பட்டம்மாளின் பச்சைப் புடவை மடிப்பக்கம் கறுப்பாக இருந்தது. அதே பட்டம்மா கூண்டில் ஏறி, "நான் கண்ணசந்துட்டன் சாமி, வண்டி நின்னாத்தான் முழிச்சன்," என்றாள். பகல் பதினொன்றே முக்காலுக்கு, கோழிக்குஞ்சு கூடையை மடியில் வைத்துக்கொண்டு, அந்தச் சாலையில், அந்த வண்டியில் தூங்கினாளாம். அந்த வண்டியில் செத்தவன்கூட எழுந்து உட்கார்ந்துவிடுவான், அப்படி ஆட்டும். வெளியூரிலிருந்து பிளாஸ்டிக் குடம் விற்க வந்த ஒருவன், பேர் சிக்கந்தர், ஊரோடு எந்தப் பந்தமும் இல்லாதவன், மூன்று வாய்தாவுக்குத் தன் செலவில் வந்து, விசில் முதல்ல, கால் அப்புறம் என்று சொன்னான். அந்த நாலு வார்த்தையில்தான் கேஸ் நின்றது. நாற்பது சொந்தக்காரர்கள் கீழே போட்டதை ஒரு குடக்காரன் தூக்கி நிறுத்தினான்.

நிறுத்தி என்ன, அதையும் கூறு போட்டார்கள். தீர்ப்பை வக்கீல் படித்துக் காட்டியபோது ஒரு இடத்தில் கழித்தல் வந்தது. இறந்தவர் உயிரோடு இருந்திருந்தால் தமக்காகச் செலவு செய்திருக்கக்கூடிய மூன்றில் ஒரு பங்கைக் கழித்து. இது என்னங்க? சட்டம்மா, அப்படித்தான். அதாவது அவன் இருந்திருந்தால் சோறு தின்றிருப்பான், பீடி வாங்கியிருப்பான், தீபாவளிக்குச் சட்டை எடுத்திருப்பான். செத்துப்போனதில் அந்தச் செலவு மிச்சம், அந்த மிச்சம் உங்களுக்கு லாபம், அதனால் கழித்துக்கொள்கிறோம். இதைக் கண்டுபிடித்தவன் வீட்டில் யாராவது செத்தால் அன்று ராத்திரி உலையில் ஒருபிடி அரிசி குறைத்துப் போட்டுவிட்டு அப்பாடா என்று உட்காருவானா? அவன் செத்த அன்றைக்குக் காலையில் போட்ட அரிசியைத்தான் அவள் இன்றைக்கும் போடுகிறாள், கை அளவு மாறமாட்டேன் என்கிறது, மிஞ்சுகிற சோற்றில் தண்ணீர் ஊற்றி வைத்து அத்தையும் அவளும் காலையில் தின்கிறார்கள். இதைக் கோர்ட்டில் சொல்ல முடியுமா? எந்தக் கூண்டில் ஏறி? அந்தத் தொகையையும் இரண்டு வருஷமாகக் கட்டாமல் நிதி இல்லை, மேலே எழுதியிருக்கிறோம், அடுத்த மாசம் என்று சொல்லிக்கொண்டு புது வண்டிக்குப் பச்சைக்கொடி காட்டுகிறார்கள்.

சரி, இது கழகத்தின் மேல் உள்ள கோபம், ஊரின் மேல் எப்படித் திருப்புகிறாய்? இப்படித் தனக்குள் ஒரு வக்கீல் எழுந்து கேட்பான், அவனுக்கும் இவள் குரல்தான். கடன்காரன் கழகம், ஊர் இல்லை. பதினேழாம் நம்பரைப் பிடித்தால் கழகத்துக்கு நஷ்டமா? லாபம் வராத ரூட், சந்தோஷப்படுவான். கீரைக்காரியும் ஆஸ்பத்திரிக்கு வந்தவனும் நாலரை வரைக்கும் வெயிலில் உட்கார வேண்டும். அவர்கள் உட்காரட்டும். எல்லாருமா கையெழுத்துப் போட்டார்கள்? இல்லை, ஆனால் போட்டவர்கள் முகத்தில் யாராவது காறித் துப்பினார்களா? பெங்களூரு வண்டியில் இருக்கிறவன் உனக்கு என்ன செய்தான், அவனை இறக்கிவிட்டால் மட்டும் நியாயமா? அதுதானே நானும் சொல்கிறேன், அவன் ஒரு பாவமும் அறியாதவன், பாவம் அறிந்தவர்களை இறக்குகிறேன். நீ நியாயத்துக்கு வந்திருக்கிறாயா, வன்மத்துக்கா? இங்கே சிக்கிக்கொள்ளும். வன்மம் என்றால் என்ன, நியாயம் வர நேரமாகிவிட்டால் அதற்குப் பேர் வன்மமா? ஆறு மாசத்தில் கேட்டால் நியாயம், ஆறு வருஷத்தில் கேட்டால் வன்மம் என்று எவன் எழுதி வைத்தான்? அடிவயிறு கனக்கிறது, கட்டணக் கழிப்பிடத்துக்குப் போய்வரலாம், போன நேரத்தில் வண்டி வந்து போய்விட்டால்? நாக்கு வறள்கிறது, தண்ணீர் குடித்தால் அடிவயிறு. பயமா? பயம்தான். நாளைக்கு அதே தெருவில் போய்த் தண்ணீர் பிடிக்க வேண்டும். மகள் ஓவியாவை இரண்டாம் வகுப்பில் யார் பக்கத்தில் உட்கார வைப்பார்கள்? அத்தை விழுந்தால் தூக்க வருவதற்குப் பட்டம்மா மகனைத் தவிர வேறு இளவட்டம் அந்த வரிசையில் இல்லை. "நீ ஒரு நாளு அவங்கள எறக்குவ, அவங்க நம்மள ஆயுசுக்கும் எறக்கிடுவாங்கடி," என்றாள் அத்தை, காலையில், இவள் செருப்பை மாட்டும்போது. கைநாட்டு வைத்த வாய். ஆனால் தப்பாகச் சொல்லவில்லை. ஆறு வருஷமாக இவள் அந்த பஸ்ஸில் ஏறியதில்லை. இரண்டு மைல் நடந்து மெயின் ரோட்டில் ஷேர் ஆட்டோ பிடிக்கிறாள். மழையில் நடந்துகொண்டிருக்கும்போது பக்கத்தில் சேறு அடித்துக்கொண்டு போகும் பதினேழாம் நம்பரின் ஜன்னல்களில் தெரிந்த முகங்கள், ஒன்றுகூட, ஏறிக்கோ சொடரு என்று, ஒன்றுகூட.

"வருது பாரு உன் தேரு," என்றார் அமீனா. பதினொன்று பன்னிரண்டு. வண்டி உறுமிக்கொண்டு வந்து நின்றது, கொட்டியது, நிரம்பியது. சாக்கு, கூடை, மருந்து டப்பா, பள்ளிக்கூட பேனா வாங்கின கவர், ஒரு ஆள் தோளில் கோழித்தீவன மூட்டை. தேசிங்கு முன் படியில் ஏறினான். பட்டம்மா பின் படியில், முழங்காலைக் கையால் தூக்கிவைத்து ஏறி, ஜன்னல் ஓரம் இடம் பிடித்தாள். இவளை யாரும் பார்க்கவில்லை, தூணுக்குப் பக்கத்தில்தான் நின்றாள். அமீனா டிரைவரிடம் போய் ஏதோ மெல்லச் சொன்னார். புதுப் பையன் அந்த டிரைவர், உடனே சாவியைத் திருகி என்ஜினை நிறுத்திவிட்டு, "எங்கிட்ட ஏன் சார், நான் போன மாசம்தான் இந்த ரூட்டுக்கு வந்தன்," என்று கையை விரித்தான். என்ஜின் நின்ற அமைதியில் சேதி முன் சீட்டிலிருந்து பின் சீட்டுக்கு ஓடியது, ஓடுவது ஜன்னல்களில் தெரிந்தது, ஒவ்வொரு தலையாக வெளியே நீண்டது. "யாரு? மாணிக்கம் பொண்டாட்டியா?" "அவதான், தூணுகிட்ட நிக்கறா பாரு." "புருசனத் தின்னாச்சி, இப்ப பஸ்ஸத் தின்ன வந்துட்டாளா?" இது தேசிங்கு. யாரோ சிரித்தார்கள். "ஏம்மா, உனக்குப் பணம் வேணும்னா கவர்மெண்டக் கேளு, எங்கள ஏம்மா கேக்கற?" "அவளுக்கு இன்னா, ஆட்டோல போறவ." "வுடு வுடு, நாம கையெழுத்துப் போட்ட வவுத்தெரிச்சல் அவளுக்கு." தெரிகிறது. ஆக எல்லாருக்கும் தெரிகிறது, எதற்காக அவள் இங்கே நிற்கிறாள் என்று. விளக்கம் சொல்லவே தேவையில்லை. சொல்ல வைத்திருந்த நூறு பதிலும் மார்புக்குள் அப்படியே நின்றது, ஒன்றுக்கொன்று முட்டிக்கொண்டு.

பட்டம்மா இறங்கி வந்தாள். தன் பையை ஜன்னலோர சீட்டில் வைத்துவிட்டு இறங்கினாள். கிட்டே வந்ததும் கோழிக் கூண்டு வாடை, வெற்றிலை வாடை, ஆறு வருஷம் முந்தின வாடை. "சொடரு. ஏம்மா சொடரு, எம்மேலதான உனக்கு ஆத்தரம்? ஊரு இன்னாடி பண்ணுச்சி?" பட்டம்மா பஸ் பக்கம் ஒருமுறை திரும்பிப் பார்த்துவிட்டு, முந்தானையால் வாயை மூடிக்கொண்டு, காதுக்குள் சொல்வதுபோலச் சொன்னாள். "நான் தூங்கலடி. பாத்தன். விசிலு ஊதுனான், அவன் இன்னும் எறங்கவேயில்ல, கம்பிய உடல அவன், வண்டி எடுத்துட்டான். பாத்தன்டி. போதுமா?" இந்த வார்த்தைக்காக எத்தனை ராத்திரி. இது வந்தால் உள்ளே ஏதோ அவிழும் என்று, அழுகை வரும் என்று, நினைத்திருந்தாள். ஒன்றும் வரவில்லை. கம்பியை விடவில்லையா? அது தெரியாது. கம்பியைப் பிடித்திருந்தானா. புது விஷயம். ஆறு வருஷம் கழித்து ஒரு புது விஷயம், ஒரு கை, கம்பியில். இதை வைத்துக்கொண்டு இப்போது என்ன செய்வது? "இத ஏன் சின்னத்த கோர்ட்டுல சொல்லல?" அவளையறியாமல் முறை வைத்துக் கூப்பிட்டுவிட்டாள், நாக்கைக் கடித்துக்கொண்டாள். "ஊரே ஒண்ணா நிக்கறப்ப நான் ஒருத்தி எப்பிடிடி?" "சரி. இப்ப சொல்லு. ஏறி நின்னு சொல்லு. தேசிங்கு காதுல உழற மாதிரி. சொன்னா இந்த வண்டிய உட்டுடறன், பெங்களூரு வண்டியக் காட்டறன்." இதை எப்போது முடிவு செய்தாள்? வாய் செய்தது. ஆனால் சொன்ன உடனே அது மெய்யாகிவிட்டது. ஆமாம், ஒருத்தி சொன்னால் போதும், ஒரே ஒருத்தி, அந்த வண்டிக்குள், உரக்க. விட்டுவிடலாம். தண்ணீர் பிடிக்கலாம். ஓவியா யாரோடாவது உட்காரலாம். "அத்தினி பேரு முன்னாலயா?" என்றாள் பட்டம்மா. "அத்தினி பேரும்தான பாத்தாங்க?"

பட்டம்மா வாயைத் திறந்தாள். திறந்த வாயில் வெற்றிலை சிவப்பு, நடுவில் ஒரு பல் இல்லை, அது எப்போது விழுந்தது, ஆறு வருஷத்துக்குள்தான். கண் கலங்கியது, பொய் இல்லை, நிஜமாகவே கலங்கியது. "உங்கிட்டத்தான் சொல்லிட்டனே," என்றாள். "பட்டம்மா, உன் பைய நவுத்தறாங்க பாரு," என்று பஸ்ஸிலிருந்து யாரோ கத்தினார்கள். பட்டம்மா விருட்டென்று திரும்பினாள். முழங்காலைக் கையால் தூக்கிவைத்து ஏறினாள், சீட்டில் உட்கார வந்தவளை இடுப்பால் தள்ளிவிட்டுத் தன் இடத்தில் உட்கார்ந்தாள், பையை மடியில் வைத்துக்கொண்டாள், முகத்தை எதிர்ப்பக்க ஜன்னலுக்குத் திருப்பிக்கொண்டாள். சுடர்க்கொடி காத்திருந்தாள். நம்பமாட்டார்கள், ஆனால் காத்திருந்தாள்; உட்கார்ந்த இடத்திலிருந்தாவது சொல்வாளோ, மூச்சு வாங்கிவிட்டுச் சொல்வாளோ, பக்கத்தில் இருப்பவளிடமாவது குனிந்து. பக்கத்தில் இருப்பவள் ஏதோ கேட்டாள், பட்டம்மா தலையை இல்லை என்று ஆட்டினாள். வெயில் பிளாட்பாரத்துக்குள் ஒரு அடி வந்துவிட்டிருந்தது. பதினொன்று இருபத்தொன்பது. மைக்கில் நேரக் காப்பாளர் காரைப்பாடி வண்டியை எடுக்கச் சொல்லித் திட்டினான், டிரைவர் பையன் அமீனாவைப் பார்த்தான், அமீனா இவளைப் பார்த்தார். "பெங்களூரு வண்டி நாலாவது பிளாட்பாரத்துலதான் நிக்குது. கடைசியா கேக்கறன், யோசிச்சிச் சொல்லு, நோட்டீஸ ஒட்டிட்டா அப்புறம் கிழிக்க முடியாது. எதும்மா?"

"இதுதான் சார். ஒட்டுங்க."